விழுந்தவர்தான் குழியை மூடணும்: பழைய காலத்துப் பனிச்சறுக்குக் கூத்துகள்

திருவல்லிக்கேணி · வெள்ளி, இரவு 9:50

பனியை நான் ஃப்ரீசரில் பார்த்ததோடு சரி. ஆனால் நாலு மாசமா ராத்திரி சாப்பிட்டு முடித்ததும் எனக்கு ஒரே வேலை, 1920, 30களில் எடுத்த கறுப்பு வெள்ளைச் செய்திப்படங்களில் வெள்ளைக்காரர்கள் மலையிலிருந்து உருளுவதைப் பார்ப்பது. "எல்லாரும் விழறாங்க, வேற என்ன இருக்கு இதுல?" என்று வீட்டில் கேட்கிறார்கள். வேறு ஒன்றும் இல்லை. அதற்காகத்தான் பார்க்கிறேன்.

கழுத்தில் டை, முழங்கால் வரை கம்பளிக் காலுறை, வாயில் பைப். இந்தக் கோலத்தில் இரண்டு நீளப் பலகைகளைத் தோல்வாரால் காலில் கட்டிக்கொண்டு சரிவின் உச்சியில் ஒரு கனவான் நிற்கிறார். அடுத்த நொடி பலகை வானத்தைப் பார்க்கிறது, தொப்பி தனியாகக் கீழே போகிறது. எழுந்ததும் முதலில் டையைத்தான் சரிசெய்கிறார்!

இதில் நான் கற்றுக்கொண்ட ஒரு வார்த்தை 'சிட்ஸ்மார்க்'. விழுந்தவரின் பின்பக்கம் பனியில் பதித்த பள்ளத்துக்கு அந்தப் பெயர். அடுத்து வருகிறவரின் பலகை அதில் மாட்டினால் அவரும் குப்புற விழுவார். அதனால் விழுந்தவரே எழுந்து குழியை மூடிவிட்டுப் போகவேண்டும் என்பது மரியாதை. நம்ம ஊரில் ரோட்டைத் தோண்டுகிறவர்களுக்கும் இப்படி ஒரு மரியாதை இருந்தால்... சரி, அரசியல் வேண்டாம், நெறியாளர் முறைப்பார்.

நான் ஆரம்பித்து வைக்கிறேன். ஷெர்லாக் ஹோம்ஸை எழுதிய கோனன் டாயில், மனைவியின் காசநோய்க்காக சுவிட்சர்லாந்தின் டாவோஸில் தங்கியிருந்தார். அங்கே பிராங்கர் என்று இரண்டு சகோதரர்கள். ஊர்க்காரர்கள் கேலி செய்கிறார்கள் என்று இருட்டியபிறகு போய் ஸ்கீ பழகியவர்கள். அவர்களோடு சேர்ந்து 1894 மார்ச்சில் மலைக் கணவாயைக் கடந்து அரோசாவுக்குப் போனார் டாயில். செங்குத்தான ஓரிடத்தில் பலகைகளைக் கழற்றிச் சேர்த்துக் கட்டி அதன்மேல் உட்கார்ந்து சறுக்கலாம் என்று திட்டம். இவருடைய பலகை இவரை விட்டுவிட்டுத் தனியாகப் போய்விட்டது. மிச்ச மலையை மனுஷர் உட்கார்ந்தவாக்கில் இறங்கினார். அந்த வருஷமே பத்திரிகையில் எழுதும்போது, ஹாரிஸ் ட்வீட் துணி தேயவே தேயாது என்று தையல்காரர் சத்தியம் செய்ததை இழுத்து, அந்தத் துணியின் மாதிரிகளை வேண்டுமானால் கணவாயிலிருந்து அரோசா வரை வழியெங்கும் பார்த்துக்கொள்ளலாம் என்று போட்டார். ஓட்டல் பதிவேட்டில் டாயிலின் தொழிலை பிராங்கர் 'விளையாட்டு வீரர்' என்று எழுதினாராம். கால்சட்டையின் பின்பக்கத்தைப் பார்த்த பிறகும்!

உங்களுக்குத் தெரிந்த கதைகளைப் போடுங்கள். சொந்தமாக விழுந்தவர்களுக்கு முன்னுரிமை.


வெர்மான்ட்_வேலு · வெள்ளி, இரவு 11:15

சார், கயித்தை விட்டுட்டீங்களே. நான் இருக்கிற மாநிலத்துல உட்ஸ்டாக்னு ஒரு ஊரு. 1934 ஜனவரியில அங்க ஒரு மேய்ச்சல் சரிவுல, ஃபோர்டு மாடல் டி இன்ஜினை வச்சு நீளமான ஒரு கயித்தைச் சுத்த விட்டாங்க. அமெரிக்காவோட முதல் கயிறு இழுவை அதுதான். அதுவரைக்கும் அரை மணி ஏறி அரை நிமிஷம் சறுக்கிக்கிட்டு இருந்த ஜனம், அன்னையிலருந்து கயித்தைப் பிடிச்சா மேல போயிரலாம்.

பிடிக்கிறதுலதான் கூத்தே. ஓடுற கயித்தை டக்குனு இறுக்கினா ஆளு முன்னால பறப்பான். முதல்ல கையுறைக்குள்ள லேசா ஓடவிட்டு, கொஞ்சங் கொஞ்சமா இறுக்கணும். ஈரம் சேர்ந்துச்சுன்னா கயிறு எருமைக் கனம் கனக்கும். ஓடும்போதே முறுக்கிக்கிட்டு வேற போகும், தொங்குற மப்ளர் சிக்குச்சுன்னா ஆளையும் சேர்த்து முறுக்கும். தோல் கையுறை சீக்கிரமே ஓட்டையாயிரும். முன்னால போறவன் விழுந்தான்னா பின்னால வர்ற அத்தனை பேரும் ஒருத்தன் மேல ஒருத்தன். யாரும் கயித்தை விடமாட்டான், விட்டா மறுபடி கீழருந்து வரிசையில நிக்கணும்ல.

இன்னொண்ணு, சேர்லிஃப்ட் எங்கருந்து வந்துச்சுன்னு நினைக்கிறீங்க? வாழைத்தாரு! 1936ல ஐடஹோ மாநிலத்துல சன் வேலினு ஒரு ஸ்கீ ஊரை யூனியன் பசிபிக் ரயில் கம்பெனி கட்டுச்சு. அவங்க இன்ஜினியர் ஜேம்ஸ் கரன், கப்பல்ல வாழைத்தாரு ஏத்துற கொக்கிக் கம்பி வேலை பார்த்தவர். கொக்கியில தாருக்குப் பதிலா நாற்காலியை மாட்டுனா என்னன்னு யோசிச்சுட்டாரு. நாற்காலி எந்த வேகத்துல வந்தா ஆளு உட்கார முடியும்னு பார்க்க, நெப்ராஸ்காவுல ஒரு லாரி பக்கவாட்டுல நாற்காலியைக் கட்டி, கீழ வைக்கோலைப் பரப்பி, ஸ்கீ போட்ட ஆளை நிக்கவச்சு அள்ளிப் பார்த்தாங்க. வைக்கோல் சரியா வழுக்கலைன்னு அப்புறம் ரோலர் ஸ்கேட் மாட்டிவிட்டாங்க. அந்த ஆளு வீட்டுல போய் இன்னைக்கு ஆபீஸ்ல என்ன வேலைன்னு என்னத்தைச் சொல்லியிருப்பான்.


ஒத்தையடி · வெள்ளி, இரவு 11:32

வெள்ளைக்காரன் வழுக்கி விழுந்ததுக்கு இவ்ளோ பெரிய இழையா. நம்ம ஊர் மழைக்காலத்துல பஸ் ஸ்டாண்டுல வந்து நில்லுங்க, இலவசம்.


ஆரெக்கரையான் · சனி, காலை 7:40

திருவல்லிக்கேணி ஐயா, நான் சொந்தமா விழுந்த ஆள்தான், அப்ப எனக்கு முன்னுரிமை தாங்கோ.

நான் 86ல சுவிசுக்கு வந்தனான். முதல் வேலை பேர்ன் மலைப்பக்கம் கார் போகாத ஒரு ஊரில ஹோட்டல் குசினி. கோப்பை கழுவுறது. ஜன்னலுக்கு வெளியில உலகமே ஸ்கி ஓடுது, எனக்கு முன்னால எண்ணெய்ச் சட்டி. ஒரு திங்கக்கிழமை லீவில பெரிய குக் தன்ர பழைய பலகையைத் தந்தார். மரப் பலகை. அந்தக் காலத்து அளவு எப்பிடியெண்டா, கையை மேல தூக்கினா பலகை நுனி மணிக்கட்டில முட்டோணும். அவர் ஆறடிக்கு மேல. நான் அஞ்சடி நாலு அங்குலம். அவற்ற மணிக்கட்டு எனக்கு எங்கயெண்டு யோசிச்சுப் பாருங்கோ. திரும்ப வெளிக்கிட்டா நான் திரும்பி முடிஞ்ச பிறகும் பலகை யோசிச்சுக்கொண்டு நிக்கும்.

அதை விடுங்கோ, மேல போறதுக்கு இழுவை லிஃப்ட். 1934 கிறிஸ்மசுக்கு முதல் நாள் டாவோசில எர்ன்ஸ்ட் கொன்ஸ்டாம் எண்ட எஞ்சினியர் தொடக்கினது. முதல்ல ஒராளுக்கு ஒரு கொக்கி, பிறகு ரெண்டு பேருக்கு ஒரு டீ எழுத்து மாதிரிக் கட்டை. அதில இருக்கப்படாது. சும்மா சாஞ்சு நிண்டா அது பின்பக்கத்தில தள்ளிக்கொண்டு போகும். கட்டை எண்டால் இருக்கத்தானே வேணும் எண்டு நான் இருந்தன். கம்பி நீண்டுது, நான் நிலத்தில. எனக்குப் பக்கத்தில நிண்டது அந்த ஆறடி குக். அவருக்குத் தொடையில வாற கட்டை எனக்கு நாரியில. நான் விழ, கட்டை ஒரு பக்கம் சரிஞ்சு அவரும் விழுந்தார். விழுந்தபடியே அவர் பேசின ஜெர்மன் பேச்சு முழுக்க எனக்கு விளங்கினது. அண்டைக்குத்தான் எனக்கு அந்தப் பாஷை வந்தது எண்டு சொல்லலாம்.

இப்ப ஐயாவுக்கு ஒரு செய்தி. நீங்கள் பாக்கிற அந்தப் படங்களில கொடிக்கம்பங்களுக்கு நடுவில வளைஞ்சு வளைஞ்சு ஓடுறாங்களே, ஸ்லாலோம். அதை இண்டைக்கு இருக்கிற மாதிரி முதன்முதல் 1922ல மூரன் எண்ட ஊரில நடத்தின ஆர்னல்ட் லன், பிறந்தது உங்கட மெட்ராசில.


திருவல்லிக்கேணி · சனி, காலை 8:05

எங்க மெட்ராஸா??


ஒத்தையடி · சனி, காலை 8:06

தமிழன்டா.


நெறியாளர் · சனி, காலை 8:20

ஒத்தையடி, லன் பாதிரியார் வீட்டுப் பிள்ளை, ஆங்கிலேயர். இழை திசை மாற வேண்டாம்.


ஆரெக்கரையான் · சனி, காலை 9:30

ஓம் ஐயா, 1888ல. தகப்பன் ஹென்றி லன் மெதடிஸ்ட் மிஷனரியா அங்க வந்தவர். திரும்பிப் போன பிறகு ஆளுக்குப் பயண வியாபாரம் கைவந்தது, குளிர்காலத்தில ஆங்கிலேயரைச் சுவிசுக்குக் கூட்டிக்கொண்டு வாறது. குளிர்காலத்தில பூட்டிக் கிடந்த ஹோட்டல்களைத் திறக்கப் பண்ணின ஆக்களில அவரும் ஒருத்தர். எனக்கு 86ல கோப்பை கழுவக் கிடைச்சதில அவருக்கும் பங்கிருக்கு.

மகன் ஆர்னல்டுக்கு 1909ல வேல்சில மலை ஏறேக்க விழுந்து கால் முறிஞ்சு, ஒரு கால் ரெண்டு அங்குலம் கட்டை. அந்தக் காலோடதான் ஆள் ஸ்கி ஓடினது, போட்டி நடத்தினது எல்லாம். அவர் பண்ணின புதுமை என்னெண்டா, அதுக்கு முதல் ஸ்லாலோமில வடிவுக்குப் புள்ளி. எப்பிடித் திரும்புறாய், எவ்வளவு அழகு எண்டு நடுவர் பாத்துப் போடுவார். லன் சொன்னார், அழகு கிடக்கட்டும், ரெண்டு கொடிக்கு நடுவில போ, ஆர் கெதியா வாறானோ அவன் வெண்டான். அண்டையோட நளினம் போச்சு, விழுகை கூடிச்சு.

இதிலயும் மெட்ராஸ் வருகுது பாருங்கோ. 1911ல சுவிசில இருக்கிற மொன்டானாவில லன் நடத்தின மலையிறக்கப் போட்டிக்குப் பேர் 'ராபர்ட்ஸ் ஆஃப் கந்தகார்' கோப்பை. ஆப்கான் சண்டையால கந்தகார்ப் பட்டம் எடுத்த லார்ட் ராபர்ட்ஸ். அந்தாள் 1881இல இருந்து 85 மட்டும் மெட்ராஸ் ராணுவத்துக்குத் தளபதி. பிறகு மூரனில கந்தகார் ஸ்கி கிளப், செயின்ட் அன்டனில கந்தகார் போட்டி, காலைப் பலகையோட பூட்டுற கம்பிக்கும் கந்தகார் கட்டு எண்டு பேர். ஆப்கானிஸ்தான் ஊர்ப் பேர் சுவிஸ் சப்பாத்தில வந்து இருக்குது.


கல்கரி_கயல் · சனி, காலை 10:10

அந்தக் காலத்துப் போட்டி தொடங்குற விதத்தைச் சொல்லுங்க அண்ணா, 'கெஷ்மோட்சல்'! வாயில் வைத்தாலே சிரிப்பு வரும் வார்த்தை. தனித்தனியா விடமாட்டாங்க. எல்லாரையும் மலை உச்சியில் ஒரே வரிசையில் நிறுத்தி 'போ' என்பார்கள். பதினேழு பேர், முப்பத்துநாலு பலகை, அதே அளவு கோல். முதல் பத்து மீட்டரில் யார் கால் யாருடையதுன்னே தெரியாது.

பதினேழுன்னு சும்மா சொல்லலை. 1928 ஜனவரியில் மூரனுக்கு மேலே இருக்கும் ஷில்ட்ஹார்ன் மலை, கிட்டத்தட்ட 2970 மீட்டர். அங்கிருந்து பள்ளத்தாக்கில் இருக்கும் லவுட்டர்புருன்னன் ஊர் வரை 'இன்ஃபெர்னோ', அதாவது நரகம், என்று முதல் போட்டி. பதினேழு பேர்தான் வந்தார்கள், அதில் நாலு பேர் பெண்கள். லிஃப்ட் கிடையாது, நடந்து ஏறித்தான் இறங்கணும். ஜெயித்த ஹாரல்ட் மிட்செலுக்கு 1 மணி 12 நிமிஷம் ஆச்சு. டோரீன் எலியட் என்ற பெண் நாலாவதா வந்தார். ஆண் பெண் எல்லாரையும் சேர்த்து நாலாவது.

இன்றைக்கும் அந்தப் போட்டி நடக்குது, 1800 பேருக்கு மேல் ஓடுறாங்க. வேகமானவர்கள் கால் மணி நேரத்துக்குள் முடிச்சுடறாங்க. சீராக்கிய பாதை, இறுக்கமான உடை. சொல்றதுக்கு ஒரு கதையும் மிஞ்சாது.


எலும்பு_முறிவு · சனி, பகல் 12:45

எல்லோரும் சிரிக்கிறீர்கள். என் தொழிலைப் பெயரிலேயே போட்டிருக்கிறேன், அதனால் கொஞ்சம் கசப்பு மருந்து தருகிறேன்.

அந்தக் காலத்துக் கட்டு எப்படி வேலை செய்தது என்று பாருங்கள். கந்தகார் கட்டில் ஒரு கம்பி குதிகாலைச் சுற்றி வந்து சப்பாத்தை முன்பக்க இரும்புப் பிடிக்குள் தள்ளி இறுக்கும். விழுந்தால் விடாது. இரண்டு மீட்டர் பலகையின் நுனி பனியில் குத்தி நிற்க, உடம்பு மட்டும் சுற்றினால் நடுவில் இருக்கும் எலும்புதான் திருகும். துணி பிழிவதைப் போல. கணைக்கால் எலும்பில் சுருள் முறிவு என்போமே, அது ஸ்கீ விளையாட்டின் அடையாள முத்திரையாகவே இருந்தது. அந்தப் பிடிக்குக் 'கரடிப் பொறி' என்று அவர்களே பெயர் வைத்திருந்தார்கள்.

ஆல்ப்ஸ் சறுக்கு முறைக்கே தந்தை என்று சொல்லப்படும் ஆஸ்திரியர் மத்தியாஸ் ஸ்டார்ஸ்கி, ஒரே ஒரு நீளக் கோலை வைத்துக்கொண்டு லிலியன்ஃபெல்டில் ஆயிரக்கணக்கானவர்களுக்குக் கற்றுக்கொடுத்தவர். 1916ல் போர்க்காலத்தில் பனிச்சரிவு அவரை அள்ளிக்கொண்டு போனது. எலும்பு முறிவு, மூட்டு விலகல் எல்லாம் சேர்த்து எண்பது. ஆனாலும் பிழைத்தார்.

கட்டைத் தானாக விடுபடச் செய்யலாம் என்ற யோசனை எப்படி வந்தது தெரியுமா? ஹ்யால்மர் வாம், நார்வேயில் பிறந்து அமெரிக்காவின் ஓரிகன் மாநிலத்தில் வாழ்ந்த ஸ்கீ வீரர். 1937ல் காலை முறித்துக்கொண்டு ஆஸ்பத்திரியில் கிடந்தார். அறுவை சிகிச்சைக்குக் கொடுத்த மயக்கம் தெளியும்போது மனதில் ஒரு வடிவம் தெரிந்ததாம், பென்சில் பேப்பர் கேட்டு வரைந்துவிட்டார். பக்கவாட்டில் திருகினால் முன்னங்கால் பிடி கழன்றுவிடும். ஆனால் வாங்க ஆள் வரிசையில் நிற்கவில்லை. கால் கழன்று வரும் கட்டு பயந்தவனுக்குத்தான் என்று நினைத்தார்கள். விடுபடும் கட்டு பரவலாக ஆவதற்கு ஐம்பது, அறுபதுகள் ஆயின.


திருவல்லிக்கேணி · சனி, பகல் 1:30

டாக்டர், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஒரு சந்தேகம். இப்போது எலும்பு முறிவது நின்றுவிட்டதா?


எலும்பு_முறிவு · சனி, பகல் 2:10

நல்ல கேள்வி, என்னை மாட்டிவிட்டீர்கள். நிற்கவில்லை, இடம் மாறியது. தோல் சப்பாத்து தாழ்வாக, மெத்தென்று இருந்த காலத்தில் கணுக்கால் போனது. அறுபதுகளில் பிளாஸ்டிக் சப்பாத்து வந்து கெண்டைக்கால் வரை இறுக்கிப் பிடித்தது. கணுக்காலும் கணைக்கால் எலும்பும் பெருமளவு தப்பித்தன. திருகல் மேலே ஏறி முழங்கால் தசைநாருக்குப் போனது. எழுபதுகளின் கடைசியிலிருந்து ஸ்கீ என்றால் முழங்கால்தான். எங்கள் தொழிலுக்குக் குறைவில்லை.


வெர்மான்ட்_வேலு · சனி, மாலை 6:20

டாக்டர் சொல்றது வாஸ்தவம். ஆனா எலும்பு தப்பிச்ச கதை ஒண்ணு சொல்றேன், இதுக்கு மேல ஒரு கதை கிடையாது.

பக்கத்து மாநிலம் நியூ ஹாம்ப்ஷயர், வாஷிங்டன் மலை. அதுல டக்கர்மன் கிண்ணம்னு ஒரு பள்ளம், அதோட தலைச்சுவர் கிட்டத்தட்ட சுவரேதான். 1930கள்ல உச்சியிலருந்து அடிவாரம் வரைக்கும் மூணு தடவை போட்டி வச்சாங்க, 'அமெரிக்கன் இன்ஃபெர்னோ'. 1939ல டோனி மாட்னு ஒரு ஆஸ்திரியப் பையன், வயசு 19. மலைக்கு அப்பதான் புதுசு. அவன் திட்டம் என்னன்னா, சுவரோட மேல்பாதியில நாலஞ்சு திருப்பம் போட்டு வேகத்தைக் குறைச்சுட்டு, கீழ்பாதியில நேரா விட்டுரலாம்.

அன்னைக்குக் காத்து கண்ணைத் தொறக்க விடலை. பையன் மேலயே ரெண்டு மூணு திருப்பம் போட்டான், சுவரு இதுதான் போலன்னு நினைச்சு நேரா விட்டான். விட்டப்புறம்தான் தெரியுது, சுவரு இனிமேதான் வருது. விளிம்பைத் தாண்டியாச்சு. அந்த வேகத்துல திரும்பினா சாவு, நேரா போனா ஒருவேளை சாவு. நேரா போனான். ஒரு திருப்பம் கூட இல்லாம அந்தச் சுவரை இறங்கி, காட்டுப் பாதை வழியா அடிவாரத்துக்கு வந்துட்டான். 6 நிமிஷம் 29 விநாடி. அதுக்கு முன்னால இருந்த சாதனை 12 நிமிஷத்துக்கு மேல! எப்படி நின்னேன்னு கேட்டவங்ககிட்ட பின்னால சொன்னதோட சாரம், பத்தொன்பது வயசு, புத்தி கிடையாது, கால்ல பலம் இருந்துச்சு.

கணக்குத் தப்புனதுக்குச் சாதனை கிடைச்ச விளையாட்டு வேற எது?


கல்கரி_கயல் · சனி, இரவு 8:00

வேலு அண்ணா, விழாதவன் கதையை விடுங்க. விழுந்தவங்களுக்கு சுவிஸ்காரன் என்ன பண்ணினான் தெரியுமா? வெங்கன் ஊரில் லவுபர்ஹார்ன் மலையிறக்கப் போட்டி 1930லிருந்து நடக்குது. ஓட்டப்பாதை கிட்டத்தட்ட நாலரை கிலோமீட்டர். 1954ல் அதில் ஓரிடத்தில் ஆஸ்திரிய வீரர்கள் வரிசையாக விழுந்தாங்க. ரெண்டு வருஷம் கழிச்சு ஒலிம்பிக்கில் மூன்று தங்கம் வாங்கப்போற டோனி சைலரும் அதில் ஒருத்தர். அந்தப் பள்ளத்துக்குப் பேர் இன்னைக்கும் 'ஆஸ்திரியர் குழி'. ஜோஸ் மின்ஷ் 1965ல் விழுந்த விளிம்பு 'மின்ஷ் விளிம்பு'. எழுபதுகளில் எங்க நாட்டு வீரர்கள் போனாங்க, கென் ரீட், டேவ் இர்வின், இவங்க கூட்டத்துக்கே 'கிறுக்குக் கனேடியர்கள்'னு பேர். 1976ல் ஒரு திருப்பத்தில் அவங்க விழுந்தாங்க. அது 'கனேடியன் மூலை' ஆகிடுச்சு.

ஜெயிச்சவங்க பேர் பலகையில் மஞ்சளாகிப் போகும். விழுந்தவங்க பேர் மலையில் இருக்கு. வருஷா வருஷம் டிவியில் சொல்றான்.


ஒத்தையடி · சனி, இரவு 8:04

அப்ப எங்க தெருமுனைக்கு என் பேர் வச்சிருக்கணும்.


ஆரெக்கரையான் · சனி, இரவு 8:50

பிள்ளை கயல், வெங்கன் எண்டதும் இன்னொரு பகிடி. அங்க மலையில ரயில் ஓடுது. 1920களில ஆங்கிலேயர் ரயிலில ஏறி மேல போய், ஸ்கியில கீழ வந்து, திரும்ப ரயில் ஏறுவினம். உழைச்சு ஏறாமல் இறங்க மட்டும் தெரிஞ்ச ஆக்கள் எண்டு மற்ற ஆக்கள் நக்கல் அடிச்சிச்சினம். இவையள் என்ன செய்தவை எண்டால், 1925ல தங்கட கிளப்புக்கே 'இறக்கம் மட்டும்' எண்டு பேர் வைச்சிட்டினம். அந்தக் கிளப் இன்னும் இருக்கு.

நோர்வேக்காரர் இதை ஒரு விளையாட்டு எண்டே கனகாலம் ஒப்புக்கொள்ளேல்லை. அவைக்கு ஸ்கி எண்டால் காட்டுக்குள்ளால நாள் முழுக்க நடக்கிறது, இல்லாட்டிக் குதிக்கிறது. 1930லதான் சர்வதேசச் சம்மேளனம் மலையிறக்கத்தையும் ஸ்லாலோமையும் ஏத்துக்கொண்டது. அடுத்த வருசம் முதல் உலகப் போட்டி, எங்க? மூரனில. உங்கட மெட்ராஸ் ஆள் விட்டாரே.


வெர்மான்ட்_வேலு · சனி, இரவு 10:30

போட்டின்னதும் ஞாபகம் வருது. 1968 கிரனோபிள் ஒலிம்பிக், ஸ்லாலோம். ஒரே பனிமூட்டம். ஆஸ்திரியாவோட கார்ல் ஷ்ரான்ஸ் பாதியில நின்னுட்டாரு. கறுப்பு உடுப்புல ஒரு ஆளு குறுக்க போனான்னாரு. சரின்னு மறுபடி ஓட விட்டாங்க, ஓடி பிரான்ஸோட கில்லியை முந்திட்டாரு. கொஞ்ச நேரத்துல நடுவருங்க, அந்த மர்ம ஆளு வர்றதுக்கு முன்னாலயே நீ கொடியை விட்டுட்டேன்னு அவரைத் தள்ளிட்டாங்க. கில்லிக்கு மூணாவது தங்கம். கறுப்பு உடுப்புக்காரன் யாரு? ஹோம்ஸை எழுதினவரே ஸ்கீ போட்டவர்தானே, இருந்திருந்தா கண்டுபிடிச்சிருப்பாரு.


ஒத்தையடி · ஞாயிறு, காலை 6:55

எல்லாம் சரி. இந்தியாவுல எவனும் விழலையா?


கல்கரி_கயல் · ஞாயிறு, காலை 9:40

நல்லா கேட்டீங்க. குல்மார்க்கில் 1927லேயே பிரிட்டிஷ் ராணுவ அதிகாரிகள் இந்திய ஸ்கீ கிளப் தொடங்கியாச்சு. குளிர்கால ஒலிம்பிக்குக்கு இந்தியாவிலிருந்து முதல்ல போனவர் ஜெரமி புஜகோவ்ஸ்கி. போலந்து வம்சம், டார்ஜிலிங்கில் படிச்சவர். 1964 இன்ஸ்ப்ரூக்கில் மலையிறக்கத்தை முடிக்க முடியலை. விடலை, 1968 கிரனோபிளுக்கும் போனார், ஷ்ரான்ஸ் மர்ம மனிதனைப் பார்த்த அதே ஒலிம்பிக். அந்தத் தடவை மலையிறக்கத்தை முடிச்சார்.

அப்புறம் எங்க ஊர், 1988. உலகம் முழுக்க எடி எட்வர்ட்ஸைப் பார்த்துச் சிரிச்சுது. இங்கிலாந்தில் சுவர்ப்பூச்சு வேலை செய்தவர், முதலில் மலையிறக்க ஸ்கீதான் போட்டார். செலவு தாங்காம ஸ்கீ தாண்டலுக்கு மாறினார். கனமான மூக்குக்கண்ணாடி, குதிக்கும்போது ஆவி படிஞ்சு ஒண்ணும் தெரியாது. ஆரம்பத்தில் இரவல் சப்பாத்து பெரிசா இருந்ததால் ஆறு ஜோடி காலுறை போட்டுச் சரிக்கட்டினவர். கல்கரியில் ரெண்டு போட்டியிலும் கடைசி. அதே நாட்களில் ஷைலஜா குமார் என்ற இந்தியப் பெண் ஸ்லாலோமில் ஓடினார். குளிர்கால ஒலிம்பிக்கில் முதல் இந்தியப் பெண். முடிச்சவங்களில் கடைசி இடம், 28. ஆனா நல்லா ஓடுறவங்க பலர் விழுந்து வெளியே போன பாதையை அவர் முடிச்சார். எடிக்குப் பட்டப்பேர் வச்ச உலகம் இவரைத் திரும்பிக்கூடப் பார்க்கலை. இது எனக்கு இன்னும் கொஞ்சம் கோபம்தான்.

எண்பதுகள்ன்னதும் நான் ஒண்ணு சொல்லியே ஆகணும், ஸ்கீ பாலே! பாட்டுப் போட்டு, கோலை ஊன்றிக் குட்டிக்கரணம் அடிச்சு, பலகையோட சுத்திச் சுத்தி ஆடறது. 1988லயும் 1992லயும் ஒலிம்பிக்கில் காட்சிப் போட்டியா வச்சாங்க. பளபளக்கும் ஊதாவும் மஞ்சளும் கலந்த ஒற்றை உடுப்பு. நான் இங்க வந்த புதுசில் பழைய துணிக்கடையில் அப்படி ஒண்ணு பதினைந்து டாலருக்கு வாங்கினேன். கழிப்பறை போகணும்னா கழுத்திலிருந்து உரிக்கணும் என்பதை மலை உச்சியில்தான் தெரிஞ்சுக்கிட்டேன்.


திருவல்லிக்கேணி · ஞாயிறு, காலை 10:30

ஷைலஜா குமார் பெயரை இன்றுதான் கேள்விப்படுகிறேன். வெட்கமாக இருக்கிறது.

நேற்று டாக்டர் எழுதியதைப் படித்தபிறகு அந்தப் படங்களை மறுபடி பார்த்தேன். இதுவரை கவனிக்காத ஒன்று தெரிந்தது. விழுந்தவரைப் பார்த்து யாரும் உடனே சிரிப்பதில்லை. அவர் தலை நிமிரும் வரை சுற்றி நிற்பவர்கள் அப்படியே நிற்கிறார்கள். கை அசைந்ததும்தான் சிரிப்பு வெடிக்கிறது. அவரும் சேர்ந்து சிரிக்கிறார். நாலு மாசமா நான் அந்த இரண்டு விநாடியை ஓட்டிவிட்டுப் பார்த்திருக்கிறேன்.

ஆரெக்கரையாரே, உங்கள் குக்கோடு அப்புறம் பேச்சுவார்த்தை உண்டா?


ஆரெக்கரையான் · ஞாயிறு, மாலை 7:15

உண்டு ஐயா. ஆள் என்ர மூத்த மகளின்ர கலியாணத்துக்கு வேட்டி கட்டிக்கொண்டு வந்தவர். இடுப்பில நிக்காது எண்டு ஸ்கி கட்டுற வார் ஒண்டால இறுக்கியிருந்தவர்.

நீங்கள் எல்லாம் எழுதினதில எனக்கும் ஆசை வந்து இண்டைக்குப் பேத்தியோட ஒரு சின்னச் சரிவுக்குப் போனன். பதினைஞ்சு வருசத்துக்குப் பிறகு. அவளுக்கு ஏழு வயசு. பலகையை முன்னால சேர்த்து வைச்சால் 'பீட்சா', நேர வைச்சால் 'பொம்ஸ்', அதுதான் உருளைக்கிழங்குப் பொரியல், அப்பிடித்தான் இப்ப படிப்பிக்கினம். "தாத்தா, பீட்சா! பீட்சா!" எண்டு கத்திக்கொண்டே வந்தாள். நான் பொம்சில போய்க்கொண்டிருந்தன்.

இழுவைக் கட்டை அதே கட்டைதான். இந்தமுறை நான் இருக்கேல்லை, சரியாச் சாஞ்சுதான் நிண்டன். ஆனா அவளுக்குப் பின்பக்கத்தில வந்தது எனக்கு முழங்கால் மடிப்பில வந்தது. நான் விழுந்தன். அவள் விழேல்லை. அந்தப் பெரிய கட்டையைத் தனியப் பிடிச்சுக்கொண்டு, திரும்பிப் பாத்து, நான் கையை அசைச்ச பிறகு சிரிச்சுக்கொண்டே மேல போனாள்.

பின்னால ஆக்கள் வந்துகொண்டிருந்தவை. குழியை மூடிப்போட்டுத்தான் தள்ளி நிண்டனான்.


ஒத்தையடி · ஞாயிறு, மாலை 7:21

அண்ணை, அடி பலமா?


ஆரெக்கரையான் · ஞாயிறு, மாலை 7:40

இல்லைத் தம்பி. டாக்டர் சொன்ன முழங்கால் கொஞ்சம் வீங்கியிருக்கு. மனுசிக்குச் சொல்லேல்லை. இழையை அவ வாசிக்கிறேல்லை.